பீரோவோடு ஒரு பெண் இலவசம்

என் அண்ணன் எடுத்த குறும்படத்தைப் பற்றி அவனே கல்லூரி கல்லூரியாகப் போய்ப் பேசுகிறான். நுகர்வுக் கலாச்சாரத்துக்கு எதிராக இந்தக் கடற்கரையிலிருந்து எழுந்த முதல் குரல் என்று மேடையில் அவனை அறிமுகப்படுத்துகிறார்களாம். குரல் அவனுடையதுதான், ஒப்புக்கொள்கிறேன். உடம்பு என்னுடையது. படம் முழுக்க ஒரு பீரோவுக்கும் ஃப்ரிட்ஜுக்கும் நடுவில் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு நின்றவள் நான். என்னை எந்தக் கல்லூரியும் கூப்பிட்டு, நின்றவளே, உனக்கு என்ன ஆயிற்று என்று கேட்டதில்லை. கேட்காவிட்டால் போகட்டும், நானே எழுதிவிடுகிறேன்.

எங்கள் வீடு உப்பளத்து வீடு. அப்பாவும் அம்மாவும் மரக்காணத்தில் அடுத்தவர் பாத்தியில் கூலிக்கு உப்பு வாரினார்கள். அண்ணன் பத்தாவதோடு படிப்பை விட்டுவிட்டு, பஸ் ஸ்டாண்டுப் பக்கம் ஒரு ஸ்டுடியோவில் கல்யாண வீடியோ எடுக்கப் போனான். புத்தகத்தை விடாமல் பிடித்துக்கொண்டவள் நான் ஒருத்திதான். தினமும் பஸ் ஏறி பாண்டிக்குப் போய் பி.ஏ. தமிழ் முடித்தேன். அடுத்தது பி.எட்., அப்புறம் டீச்சர். அதற்கு வழியும் இருந்தது. கூனிமேடு போகிற பாதையில் அம்மாவுக்குப் பிறந்த வீட்டில் கொடுத்த துண்டு மணல் நிலம் ஒன்று உண்டு. நான் காலேஜ் சேர்ந்த வருஷம் அம்மா அதில் சவுக்குக் கன்று நட்டாள். "இது உன் பி.எட்.டு. இத வெட்டறப்போ நீ சேந்துடணும்" என்று சொல்லிச் சொல்லியே குடத்தில் தண்ணீர் சுமந்து ஊற்றினாள். நாளெல்லாம் உப்பில் நின்றுவிட்டு வந்து, அந்தக் காலோடு மறுபடியும் நடந்து போய் ஊற்றிய தண்ணீர் அது. நான் சொல்லப்போவதெல்லாம் அந்தச் சவுக்கு என்ன ஆனது என்பதைத்தான்.

அதற்கு முன்னால் எங்கள் பக்கத்துக் கல்யாண வீடியோவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அதில் சீர் காட்டுகிற பகுதி என்று ஒன்று வரும். தாலி கட்டும்போது எவனாவது குறுக்கே நின்று மறைத்துவிட்டால்கூட வீடியோக்காரனை மன்னித்துவிடுவார்கள். சீர் காட்டும்போது ஒரு குடம் விட்டுப்போச்சோ, தொலைந்தான். பீரோவைத் திறந்து உள்ளே லாக்கர் இருப்பதைக் காட்ட வேண்டும். ஃப்ரிட்ஜைத் திறந்து விளக்கு எரிவதைக் காட்ட வேண்டும். அந்த சிடி சொந்தக்காரர் வீடு வீடாகப் போகும். பெண்டுகள் கூடி உட்கார்ந்து பார்ப்பது அந்தப் பகுதியைத்தான், நிறுத்தி நிறுத்திப் பார்ப்பார்கள். சிடியில் வந்தது பெண்ணுக்குப் போட்டது, வராதது போடாதது. எங்கள் ஊரில் இதில் யாருக்கும் சந்தேகமே கிடையாது.

சுனாமியில் கடல் உள்ளே வந்து பாத்தி வரப்பையெல்லாம் கரைத்துவிட்டுப் போன பிறகு, அதுவரை எங்கள் பக்கம் எட்டிப் பார்க்காத ஜீப்பெல்லாம் வந்தன. முதலில் வந்தவர்கள் பாயும் போர்வையும் கொடுத்தார்கள். அடுத்து வந்தவர்கள் ஸ்டவ்வும் பாத்திரமும் கொடுத்தார்கள். ஒரே வீட்டுக்கு மூன்று பேர் பிளாஸ்டிக் வாளி கொடுத்தார்கள். வாளி கொடுத்து அலுத்துப்போன பிறகு வந்தவர்கள் காமிரா கொண்டுவந்தார்கள். பாதிக்கப்பட்ட பகுதி இளைஞர்களுக்குக் குறும்படப் பயிற்சியாம். பெரிய முதலியார்சாவடியில் ஒரு கொட்டகையில் நடந்தது. சென்னையிலிருந்து கதர் ஜிப்பா போட்ட ஒருவர் வந்து பாடம் எடுத்தார். ஏற்கெனவே காமிரா பிடிக்கத் தெரிந்தவன் என்பதால் அண்ணனை ரொம்பப் பிடித்துப்போயிற்று அவருக்கு.

பயிற்சி முடிந்து வந்தவன் சும்மா வரவில்லை, ஒரு வார்த்தையோடு வந்தான்.

"நுகர்வுக் கலாச்சாரம்னா இன்னா தெரியுமாம்மா? தேவையில்லாததயெல்லாம் நம்மள வாங்க வெச்சே நம்மள காலி பண்றானுங்க."

அம்மா குழம்பைக் கிளறிக்கொண்டே கேட்டாள். "நாம எங்கடா வாங்கினோம்?"

"நாமன்னா நாம இல்லம்மா. சமூகம்."

"அவுங்கள போயி சொல்லு. எனுக்கு வேல இருக்குது."

அண்ணன் என்னிடம் வந்தான். விளம்பரம் போலவே ஒரு படம் எடுக்கப் போகிறானாம். சீர்வரிசைச் சாமான் எல்லாம் வரிசையாக நிற்குமாம். டிவி விளம்பரத்தில் வருகிற அதே உற்சாகக் குரலில் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்து, கடைசியில், 'இந்த செட்டை முழுசா வாங்கினால், ஒரு பெண் இலவசம்!' என்று முடியுமாம். இலவசம் என்று எழுதிய ஸ்டிக்கரைத் தோளில் ஒட்டிக்கொண்டு நான் நிற்க வேண்டுமாம்.

"போடா, நான் மாட்டேன்."

"ஏய், நீ பி.ஏ. படிச்சவ. இது உனக்கே புரியலன்னா யாருக்குப் புரியும்?"

புரியத்தான் செய்தது. கூடப் படித்தவள் ஒருத்தி கிரைண்டரில் கீறல் இருந்ததென்று மறுவீட்டுக்கு வந்த இடத்தில் அழுதுகொண்டு நின்றதை நான் பார்த்திருக்கிறேன். அந்த நாலு நிமிஷப் படத்தில் என் கோபமும் இருந்தது. அதனால்தான் ஒப்புக்கொண்டேன். கடைசிக் காட்சியைச் சொன்னதும் நான்தான். அறிவிப்பு முடிந்ததும் பெண் அந்த ஸ்டிக்கரைத் தோளிலிருந்து பிய்க்க வேண்டும், நேராக நடந்து வந்து காமிராக் கண்ணாடியின் மேல் ஒட்டிவிட வேண்டும், பார்க்கிறவன் முகத்தில் ஒட்டியதாக இருக்க வேண்டும் என்றேன். அண்ணன் துள்ளிக் குதித்தான். "இன்னாமா யோசிக்கிற! இதான் படமே!" என்றான். பெருமையாகத்தான் இருந்தது எனக்கு. பொய் சொல்வானேன்.

ஆடி மாசம். கல்யாணம் இல்லாததால் அண்ணனுக்கு வேலை இல்லை. கல்யாணம் இல்லாததால் ஃபர்னிச்சர் கடைக்காரருக்கும் வியாபாரம் இல்லை. அண்ணன் கேட்டதும் அவர் சாமானை இரவலாகக் கொடுத்துவிட்டார்.

"ஆடியில எவன் பீரோ வாங்கறான்? எடுத்துக்கினு போ. ஆனா கட போர்டு நல்லா தெரியணும். ஒரு கீறல் வுழுந்திச்சி, உங்கப்பன கூட்டாந்து நிக்க வெச்சிடுவேன்."

உப்பு அம்பாரங்களுக்கு முன்னால் இருக்கிற அகல வரப்பில் எல்லாவற்றையும் இறக்கினோம். பீரோ, கட்டில், கண்ணாடி மேஜை, கிரைண்டர், டிவி, ஃப்ரிட்ஜ். உப்பு பட்டால் துருப்பிடிக்கும் என்று ஒவ்வொன்றின் காலுக்கும் சாக்கு மடித்து வைத்தார் கடையிலிருந்து வந்த ஆள். எங்கள் வீட்டுக் கதவுக் கீல் ஒரு மழைக்குத் தாங்குவதில்லை. இந்தக் காற்றில் ஒரு இரும்பு பீரோவை நிறுத்துவதே பெரிய நையாண்டிதான் என்று அண்ணன் சிரித்தான். எனக்கும் சிரிப்பு வந்தது.

உப்பு வாரிக்கொண்டிருந்த பெண்கள் பலகையைப் போட்டுவிட்டு வந்து சுற்றி நின்றார்கள். அவர்களில் யாரும் சிரிக்கவில்லை. பீரோக் கண்ணாடியில் தலை முதல் கால் வரை தன்னை முழுதாகப் பார்த்து, ஒரு அக்கா நெற்றியில் காய்ந்திருந்த உப்பைத் துடைத்துக்கொண்டாள். இன்னொருத்தி ஃப்ரிட்ஜுக்குள் கையை விட்டுப் பார்த்தாள். எங்கள் தெருவிலேயே இருக்கிற ஒருத்தி என் கையைப் பிடித்தாள்.

"இன்னாடி இது, எப்ப கல்யாணம்? ஒரு வார்த்த சொல்லல!"

"கல்யாணமில்லக்கா. படம் எடுக்கறாங்க."

"படத்துக்கா இவ்ளோ சாமான்? சும்மா சொல்லாத. கண்ணு வெச்சிடுவோம்னு பாக்கறியா?"

நான் அண்ணனைப் பார்த்தேன். அவன் வெளிச்சத்தைப் பற்றிக் கவலைப்பட்டுக்கொண்டிருந்தான். மேலேயிருந்து வெயில், கீழேயிருந்து உப்பின் வெள்ளை. கண்ணைத் திறக்க முடியாமல் நீர் வழிந்தது. "அழாத, விளம்பரத்துல சிரிக்கணும்" என்றான். சிரித்தேன். கடைசிக் காட்சியில் மட்டும் சிரிக்கவில்லை. அந்த ஸ்டிக்கரைப் பிய்த்தபோது புடவை ஜரிகை இழை கொஞ்சம் பிரிந்து வந்தது, பரவாயில்லை என்று நடந்து போய் காமிராவில் அறைந்து ஒட்டினேன். படம் எடுப்பதைப் பார்க்க வந்திருந்த ஜிப்பாக்காரர் கை தட்டினார்.

ஆவணி பிறந்ததும் பாண்டியில் குறும்படப் போட்டி. ஏசி போட்ட ஹால். இங்கே சிரிக்க வேண்டும் என்று அண்ணன் நினைத்த எல்லா இடத்திலும் சரியாகச் சிரித்தார்கள். கடைசிக் காட்சியில் ஹாலே எழுந்து தட்டியது. கண்ணாடி போட்ட ஒரு அம்மா என் தோளைத் தொட்டு, "உன் முகத்துல ஒரு எதிர்ப்பு இருந்துச்சும்மா" என்றார். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. நம் கோபத்தை நாலு பேர் புரிந்துகொண்டார்கள் என்றால் சும்மாவா?

போட்டிக்கான செலவை ஏற்றுக்கொண்டிருந்தது ஒரு வீட்டு உபயோகப் பொருள் கடை. மேடைக்குப் பின்னால் அவர்கள் பேனர்தான் தொங்கியது. நுகர்வுக் கலாச்சாரத்தைக் கிழித்ததற்கான முதல் பரிசை அந்தக் கடை முதலாளியே கொடுத்தார். பரிசு ஒரு மிக்சி! அண்ணன் அதை வாங்கிக்கொண்டு போட்டோவுக்குச் சிரித்தான். நான் பஸ்ஸில் அதை மடியில் வைத்துக்கொண்டு வந்தேன். வீட்டில் அம்மா அட்டைப்பெட்டியைப் பிரிக்கக்கூட விடவில்லை. பழைய சேலையில் சுற்றிப் பரண்மேல் ஏற்றினாள்.

"இது உனுக்கு. ஒண்ணு ஆச்சி" என்றாள்.

சீரைக் கிண்டல் செய்து எடுத்த படம் என் சீரின் முதல் சாமானைச் சம்பாதித்துக் கொடுத்துவிட்டது. அன்றைக்கே எனக்கு உறைத்திருக்க வேண்டும், ஆனால் வீட்டோடு சேர்ந்து நானும் சிரித்தேன்.

அந்த மாசக் கடைசியில் பெண் பார்க்க வந்தார்கள். உள்ளே தள்ளி ஒரு கிராமம், விவசாயக் குடும்பம். மாப்பிள்ளைக்கு பாண்டிப் பக்கம் கம்பெனியில் வேலை. என்னிடம் அவர் கேட்டது ஒரே கேள்விதான்.

"பி.எட். எங்க சேரலாம்னு இருக்கீங்க?"

சேரலாம்னு இருக்கீங்க! அந்த ஒரு வார்த்தைக்காகவே எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. அவருடைய அம்மாவும் கலகலப்பானவர். "எங்களுக்கு ஒண்ணும் வேணாங்க. பொண்ணு படிச்சு டீச்சராவட்டும், அதான் சீரு. நாங்க வாயத் தொறந்து எதுவும் கேக்க மாட்டோம்" என்றார். தையில் கல்யாணம், அதற்கு முன்போ பின்போ சவுக்கை வெட்டி விற்று, ஜூனில் பி.எட். என்று பேசி முடித்தார்கள். அப்பா அன்று சாயங்காலம் சவுக்குத் தோப்புக்குப் போய் மரத்தையெல்லாம் தட்டிப் பார்த்துவிட்டு வந்தார். "நல்லா ஏறியிருக்குது" என்று அம்மாவிடம் சொன்னார். இவ்வளவு நன்றாக ஒரு வீட்டில் ஒரு காரியம் நடக்குமா என்று எனக்கே ஆச்சரியம்தான்.

தீபாவளி அன்று மழை. யாரும் வெளியே போகவில்லை, ஊரே டிவி முன்னால் உட்கார்ந்திருந்தது. உள்ளூர் கேபிள்காரர் பண்டிகைக்குக் கடைக்காரர்களின் வாழ்த்து விளம்பரங்களைப் போட்டுப் படமும் ஓட்டுவார். ஜவுளிக்கடை வாழ்த்து வந்தது, நகைக்கடை வாழ்த்து வந்தது, அடுத்து நான் வந்தேன். உப்பு அம்பாரம், பீரோ, கட்டில், ஃப்ரிட்ஜ், பட்டுப்புடவையில் நான். அண்ணனுடைய குரல் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே போனது. பெண் இலவசம் என்றதும் படம் நின்றது. ஃபர்னிச்சர் கடையின் பெயரும் போன் நம்பரும் கீழே ஓடின. கடை போர்டு தெரிகிறதென்று காட்ட அண்ணன் அவருக்குக் கொடுத்திருந்த சிடிதான். ஸ்டிக்கரைப் பிய்க்கிற காட்சி இல்லை. நடந்து வருகிற காட்சி இல்லை. நான் சிரித்துக்கொண்டே நிற்கிறேன், அவ்வளவுதான். அடுத்த விளம்பரம் வந்துவிட்டது.

அன்றைக்கு எத்தனை தடவை போட்டான் என்று யாருக்குத் தெரியும்! பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவில் நான் சிரித்தேன்.

அண்ணன் ஆடிய ஆட்டத்தைப் பார்க்க வேண்டுமே. "என் படத்தையா வெட்டினான்? அவன சும்மா வுடமாட்டேன்" என்று கத்திக்கொண்டு மழையிலேயே கடைக்காரர் வீட்டுக்கு ஓடினான். போன வேகத்தைப் பார்த்து அம்மா பயந்துபோனாள். சாயங்காலம் நிதானமாகத் திரும்பி வந்தான், கையில் ஸ்வீட் டப்பா.

"பொங்கலுக்கு ஒரு ஆட் பண்ணித் தரச் சொல்றாரு. சின்னதா இல்ல, பெருசா. இதுல வர்றத வெச்சி அடுத்த படத்த நம்மளே எடுக்கலாம்."

"கடைசி சீனு?" என்றேன்.

"அது லெங்த்து அதிகமாச்சாம். வெட்டிட்டாங்க."

"திருப்பிப் போடச் சொன்னியா இல்லியா?"

"சாப்பிட இன்னா இருக்குது?" என்று அம்மாவைப் பார்த்துக் கேட்டான் என் அண்ணன்.

அப்புறம் என்னால் தெருவில் நடக்க முடியவில்லை. கிண்டல் செய்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன், எல்லாரும் வாழ்த்துச் சொன்னார்கள். "உங்கப்பன் அமுக்கமா இருந்தே இவ்ளோ சேத்துட்டான் பாரேன்" என்றார்கள். பக்கத்துத் தெருவில் பெண்ணுக்கு வரன் பார்த்துக்கொண்டிருந்த ஒருவர் கடைக்குப் போய், அந்தப் பொண்ணு நிக்கிற செட்டு வேணும் என்று கேட்டிருக்கிறார். இன்னும் சிலரும் கேட்டார்கள். கடைக்காரர் விடுவாரா? 'சீர்வரிசை செட்' என்று வாசலில் பெரிய பேனர் வைத்துவிட்டார். அதில் நான் நிற்கிறேன். தோளில் இருந்த ஸ்டிக்கரின் மேல் மட்டும் புதிதாக எழுதியிருந்தார்கள், 'குத்துவிளக்கு இலவசம்' என்று. பெண் இலவசம் என்பதற்கே ஒருவரும் முகம் சுளிக்கவில்லையே, அதை எதற்கு மாற்றினார்கள் என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை.

கார்த்திகையில் மாப்பிள்ளையின் அம்மா வந்தார். கூட அவருடைய நாத்தனார். காபி குடிக்கிற வரைக்கும் மழையைப் பற்றிப் பேசினார்கள். பிறகு அந்த அம்மா டம்ளரைக் கீழே வைத்தார்.

"நாங்க வாயத் தொறந்து எதுவும் கேக்கலிங்க. கேட்டமா? நீங்களே டிவியில போட்டு ஊருக்கெல்லாம் காட்டிட்டீங்க. எங்க ஊர்லயும் பாத்தாங்க. ரொம்ப சந்தோசம்."

அண்ணன் முன்னால் வந்தான். "அத்த, அது நெசம் இல்ல. நையாண்டி. இந்த மாதிரி சாமான் கேக்கறதையே கிண்டல் பண்ணி எடுத்த படம்."

"நல்லாத்தான் எடுத்திருந்த தம்பி. பீரோவுல லாக்கர்கூட தெரிஞ்சிச்சே."

"ஐயோ, அதெல்லாம் எங்க சாமான் இல்ல..." என்று அவன் ஆரம்பித்ததும் அப்பா எழுந்துவிட்டார். அப்பா அப்படி எழுந்து நான் பார்த்ததில்லை.

"நீ வாயத் தொறக்காத. நீ தொறந்ததுதான் இங்க வந்து நிக்குது."

இரவல் என்று சொல்ல வேண்டியதுதானே? ஒரே ஒரு வார்த்தை. ஆனால் எங்கள் ஊரில், இல்லை என்று சொல்லலாம், இரவல் வாங்கிக் காட்டினோம் என்று சொல்ல முடியாது. ஒன்றும் போடாமல் பெண்ணை அனுப்பினால் ஏழை என்பார்கள். இரவல் நகையைப் போட்டு அனுப்பினவன் மாதிரி இரவல் பீரோவோடு பெண்ணைக் காட்டினான் என்றால் அப்புறம் அப்பாவால் உப்பளத்தில் தலை நிமிர்ந்து நடக்க முடியாது. அந்த அம்மாவும் சும்மா மிரட்டவில்லை. "இப்ப வெறுங்கையா வந்தா, காட்டின சாமான எங்க வித்துத் தின்னாங்கன்னு எங்க சனம் உங்களத்தானே கேக்கும்? உங்க மானத்துக்காகச் சொல்றேன்" என்றார். அவர் உண்மையிலேயே எங்கள் மானத்துக்காகத்தான் பேசினார்.

அப்பா சொன்னார். "அது என் பொண்ணுக்கு வாங்கினதுதாம்மா. கடையிலயே இருக்குது. கல்யாணத்தன்னிக்கி மண்டபத்துல எறக்கிடுவோம்."

நான் உள்ளே நின்றிருந்தேன். அம்மாவைப் பார்த்தேன். எதில் வாங்குவது என்று அவளுக்கும் எனக்கும் ஒரே சமயத்தில் தெரிந்துவிட்டது. வீட்டில் விற்க வேறு என்ன இருந்தது?

மறுநாள் பஸ் ஸ்டாண்டு பூத்திலிருந்து மாப்பிள்ளைக்குப் போன் செய்தேன். கல்யாணத்துக்கு முன்னால் பெண் போன் செய்வது தப்பு என்று தெரிந்தேதான் செய்தேன். நடந்ததை எல்லாம் சொன்னேன். சவுக்கைச் சொன்னேன், பி.எட்.டைச் சொன்னேன், உங்கள் அம்மாவிடம் நீங்கள் ஒரு வார்த்தை பேசினால் போதும் என்று சொன்னேன். கெஞ்சினேன் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

"எனக்குப் புரியுதுங்க" என்றார். "ஆனா பெரியவங்க பேசினதுல நான் எப்படிங்க? ஊர்ல வேற எல்லாரும் பாத்துட்டாங்க. பி.எட். எங்கயும் ஓடிப்போவாது, அடுத்த வருசம் சேந்துக்கலாம்."

நான் பெட்டியில் இன்னொரு ரூபாய்க் காசைப் போட்டேன். அப்புறம் கூச்சப்பட்டுக்கொண்டே கேட்டார்.

"அந்த ஃப்ரிட்ஜு... சிங்கிள் டோரா, டபுள் டோருங்களா?"

சிங்கிள் டோர் என்று சொன்னேன். கேட்டால் சொல்லத்தானே வேண்டும்.

கல்யாணம் வேண்டாம் என்று வீட்டில் ஒரு தடவை கத்தினேன். யாரும் என்னை அடிக்கவில்லை, திட்டவில்லை. அப்பா சாப்பிடாமல் படுத்துக்கொண்டார், அவ்வளவுதான். ஊரெல்லாம் டிவியில் பட்டுப்புடவையோடு பார்த்த பெண்ணுக்கு அடுத்த வரன் எங்கேயிருந்து வரும் என்று அம்மா கேட்டாள். அதற்கு எந்த பி.ஏ.விலும் பதில் சொல்லித் தரவில்லை.

மார்கழியில் சவுக்கை வெட்டினார்கள். இன்னும் ஒரு வருஷம் நின்றிருந்தால் நல்ல விலை போகும் என்று வியாபாரியே சொன்னாராம். அம்மா தோப்புப் பக்கம் போகவில்லை. நான் போனேன். மரத்தைக் கட்டுக்கட்டாக லாரியில் ஏற்றினார்கள். அங்கேயே நின்று அழுதேன். வெட்டுகிற ஆட்கள் கல்யாணப் பெண்ணுக்குப் பிறந்த வீட்டை விட்டுப் போகிற துக்கம் என்று நினைத்துக்கொண்டார்கள். "எல்லாப் பொண்ணும் அழுவறதுதாம்மா" என்றார் ஒருவர். விற்ற பணம் வீட்டுக்கே வரவில்லை, அப்பா அதை நேராகக் கடையில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்தார். என் படம் போட்ட பேனருக்குக் கீழே நின்று கொடுத்தாராம். கடைக்காரர் வாக்கு மாறாதவர், குத்துவிளக்கு இலவசமாகக் கொடுத்தார்.

அடுத்த வருஷம் என்றார்களே, அடுத்த வருஷம் கைக்குழந்தை. அதற்கடுத்த வருஷம் மாமியாருக்கு உடம்பு சரியில்லை. பி.எட். ஓடித்தான் போயிற்று. பீரோவில் என் டிகிரி சர்டிபிகேட் இருக்கிறது, அதற்காவது ஒரு லாக்கர் கிடைத்ததே. அம்மா பெட்டியைப் பிரிக்க விடாத அந்த மிக்சியில்தான் இப்போதும் சட்னி அரைக்கிறேன். கணவர் கெட்டவர் அல்ல. பள்ளிக்கூட வாசலைத் தாண்டும்போது மட்டும் வண்டியை அவர் கொஞ்சம் வேகமாக ஓட்டுவதைக் கவனித்திருக்கிறேன். அண்ணன் அந்தப் பொங்கல் விளம்பரத்தோடு பெரிய ஆளாகிவிட்டான். பாண்டியில் ஆபீஸ், நாலு ஜில்லாக் கடைகளுக்கு அவன்தான் விளம்பரம். கல்லூரிகளில் பேசப் போகும்போது மட்டும் முழுப் படத்தையும், ஸ்டிக்கரைப் பிய்க்கிற காட்சியோடு, போட்டுக் காட்டுகிறானாம். பிள்ளைகள் எழுந்து நின்று தட்டுகிறார்களாம்.

சவுக்கு போனதைக்கூட ஒருவிதமாக ஆற்றிக்கொண்டேன். ஆறாமல் இருப்பது கல்யாண நாளில் நடந்த ஒன்று.

தாலி கட்டி முடித்து, சாப்பாட்டுப் பந்தி ஓடிக்கொண்டிருந்தது. மண்டபத்தின் ஒரு ஓரத்தில் சாமானை வரிசையாக இறக்கி வைத்திருந்தார்கள், மாமியார் வீட்டுப் பெண்கள் சுற்றி நின்று ஒவ்வொன்றையும் திறந்து மூடிக்கொண்டிருந்தார்கள். வீடியோ அண்ணன்தான். தங்கச்சி கல்யாணத்தை வேறு எவனும் எடுக்கக் கூடாது என்று சொல்லிவிட்டான். சாமானோடு பெண்ணையும் சேர்த்து எடுக்கச் சொன்னார்கள், அவன் என்னை வரச் சொல்லி ஆள் அனுப்பினான். கழுத்தில் மாலையோடு போய் நின்றேன். அவனை நேராகப் பார்த்தேன். அந்த நொடியில் அவன் காமிராவைக் கீழே இறக்குவான் என்று நம்பினேன். வேண்டாம், மன்னிப்பெல்லாம் வேண்டாம், ஒரே ஒரு தடவை என் முகத்தைப் பார்த்தால் போதும் என்று இருந்தது. அவன் காமிராவில் வைத்த கண்ணை எடுக்கவில்லை. இடது கையை மட்டும் தூக்கி எனக்கு ஜாடை காட்டினான்.

"கொஞ்சம் தள்ளி நில்லும்மா. ஃப்ரிட்ஜ் மறையுது."

தள்ளி நின்றேன்.